கைலி முடிச்சு

நோன்பு மாதம் வந்துவிட்டால், விடியற்காலைச் சுபுஹு தொழுகை முடிந்ததும் பள்ளிவாசல் படியிலேயே பையன்கள் கைலியை அவிழ்த்து முறுக்கத் தொடங்கிவிடுவார்கள். எல்லோரும் உள்ளே அரைக்கால் சட்டை போட்டிருப்பார்கள். வடக்குச் சந்து உப்பளக் கரையில் நிற்கும். தெற்குச் சந்து ஐஸ் ஆலைச் சுவரோரம் நிற்கும். இரண்டுக்கும் நடுவே மண் சாலை. முறுக்கிய கைலியால் அடித்துக்கொள்ளும் சண்டையை மீன் வண்டிகள் வருவதற்குள் முடித்துவிட வேண்டும்.

அதற்குச் சட்டம் உண்டு. கைலியை நனைக்கக் கூடாது. கழுத்துக்கு மேல் அடிக்கக் கூடாது. விழுந்தவனைத் தொடக் கூடாது. நுனியில் முடிச்சுப் போட்டுக்கொள்ளலாம். முடிச்சுக்குள் எதுவும் இருக்கக் கூடாது.

நசிரின் என்பவன் வடக்குச் சந்து, சுப்கான் தெற்குச் சந்து. அதனால் மட்டும்தான் எதிரெதிர் அணி. மற்ற பதினோரு மாதமும் ஒரே பெஞ்சு, ஒரே சைக்கிள். சண்டையில் நசிரின் மிகவும் பலமாக அடிப்பதும் சுப்கானைத்தான். அவன் கோபித்துக்கொள்ள மாட்டான் என்ற தைரியம். சுப்கானும் அப்படியே. தொடையில் தடித்த கோட்டை மறுநாள் வகுப்பில் காட்டிச் சிரிப்பான்.

இந்த வருடம் இருவரும் பள்ளிப் படிப்பை முடித்திருந்தார்கள். தெகல் நகரத்துக் கப்பல் பயிற்சிப் பள்ளிக்கு இருவருமே விண்ணப்பித்து, எழுத்துத் தேர்வில் இருவருமே தேறினார்கள். நோன்பு தொடங்க ஒரு வாரம் இருக்கும்போது மருத்துவச் சோதனை நடந்தது. கண் டாக்டர் ஒரு புத்தகத்தை விரித்து வைத்தார். பக்கத்துக்குப் பக்கம் புள்ளிகளால் ஆன வட்டங்கள். உள்ளே தெரியும் எண்ணைச் சொல்ல வேண்டும். முதல் பக்கத்தில் பன்னிரண்டு என்று நசிரின் சொன்னான். இரண்டாம் பக்கத்தில் எண் எதுவும் இல்லை. மூன்றாவதிலும் இல்லை.

"இருக்குப்பா. நல்லாப் பாரு."

நன்றாகத்தான் பார்த்தான். வெறும் புள்ளிகள்.

டாக்டர் புத்தகத்தை மூடினார். "எதிர்ல வர்ற கப்பலோட விளக்கு சிவப்பா பச்சையான்னு தெரியணும் தம்பி. தெரியலைன்னா ரெண்டு கப்பலும் மோதிக்கும். இது வியாதி இல்ல. பொறப்புலயே இருக்கிறது. வேற ஏதாவது படி."

திரும்பி வரும் பேருந்தில் சுப்கானிடம் மட்டும் சொன்னான். அங்கே இன்னொரு கணக்குத் தேர்வு வைத்ததாகவும் அதில் தோற்றுவிட்டதாகவும் வீட்டில் சொல்லப்போகிறேன் என்றான். கணக்கில் தோற்றவனை ஊர் மறந்துவிடும். கண்ணில் குறை என்றால் கூடவே ஒட்டிக்கொள்ளும்.

"என் வாயிலேருந்து வராதுடா," என்றான் சுப்கான். அவனுக்குச் சேர்க்கைக் கடிதம் கிடைத்திருந்தது. அதை நசிரினின் பார்வையில் படாமல் சட்டைக்குள் செருகியிருந்தான்.

ஒன்பதாம் நோன்பு அன்று அந்த வாயிலிருந்து வந்தது.

அன்று நசிரினின் நாள். சுப்கானை ஐஸ் ஆலைச் சுவர்வரை துரத்திப்போய் இடுப்பில் இரண்டு வைத்தான். தெற்குச் சந்துப் பையன்களே சுப்கானைக் கிண்டல் செய்தார்கள். "என்ன கேப்டன், கரையிலேயே கப்பல் முழுகுது?" சுப்கான் மூச்சு வாங்கிக்கொண்டு சிரித்தான். ஏதாவது சொல்லித் தப்பிக்க வேண்டியிருந்தது.

"டேய், இவன்கிட்ட சிக்குனா எந்தக் கலர் கைலியும் காப்பாத்தாதுடா. சிவப்பும் பச்சையும் இவனுக்கு ஒண்ணுதான். டாக்டரே எழுதிக் குடுத்துட்டாரு."

ஒரு நொடி யாருக்கும் விளங்கவில்லை. பிறகு ஜைனுல் முன்னால் வந்தான். நசிரினின் சொந்த அணி, பக்கத்து வீட்டுக்காரன்.

"நெசமாவா? என் கைலி என்ன கலர், சொல்லு பாப்போம்."

நசிரின் கைலியைப் பார்த்தான். சேற்றுக்கும் இலைக்கும் நடுவில் ஏதோ ஒன்று. "சிவப்பு," என்றான்.

அது பச்சை. சாலையின் இரண்டு பக்கமும் ஒன்றாகச் சேர்ந்து சிரித்தது. சுப்கானும் சிரித்தான். நசிரினின் முகத்தைப் பார்த்ததும் நிறுத்திக்கொண்டான். ஆனால் சிரித்தான்.

அன்று மாலையே வீடு தேடி வந்தான். "வாய் தவறிடுச்சுடா. ஆட்டத்துல ஏதோ வந்துருச்சு."

"சரி விடு. விளையாட்டுதானே," என்றான் நசிரின்.

அதற்குப் பிறகு ஊர் விடவில்லை. நோன்பு திறக்கும் நேரத்தில் பொரித்த பலகாரத்தோடு மிளகாய் வைக்கும்போது ஒருவன், "நசிர், இது காயா, பழமா?" என்பான். கடைக்காரி பாக்கெட்டைத் திருப்பிக் காட்டி, "பேரைப் படிச்சு எடுத்துக்கப்பா," என்பாள். அவள் கிண்டலாகச் சொல்லவில்லை. அதுதான் இன்னும் மோசம். அதைக்கூடத் தாங்கியிருப்பான். அப்பாதான்.

அப்பா தர்மூஜி வலை தைப்பவர். இத்தனை வருடமாக, "பச்சைக் கயித்தை எடு," என்பார். நசிரின் எதையோ எடுத்துக் கொடுப்பான். கவனமில்லாத பயல் என்று திட்டுவார். இப்போது திட்டவில்லை. தலையை நிமிர்த்தாமல், "உன் முழங்காலுக்குப் பக்கத்துல கெடக்கே, அதை எடுப்பா," என்றார். மறுநாளும் அப்படியே. கணக்கைப் பற்றி அவர் ஒரு வார்த்தை கேட்கவில்லை.

பதிமூன்றாம் நோன்பு மாலையில் நசிரின் அப்பாவின் தகர டப்பாவிலிருந்து ஓர் ஈயக் குண்டை எடுத்தான். வலையின் அடிக்கயிற்றில் கோர்ப்பது. கட்டைவிரல் நீளம், நடுவே துளை. அதைக் கைலி நுனியில் வைத்து முடிந்து, குளியலறைக் கதவைச் சாத்திக்கொண்டான். தொட்டியின் விளிம்பில் தண்ணீர் மொள்ளும் பிளாஸ்டிக் கோப்பை இருந்தது. லேசாகத்தான் வீசினான். கோப்பை வாயிலிருந்து அடிவரை விரிசல் விட்டது.

அதைக் கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டு நின்றான். பிறகு தொட்டிக்குப் பின்னால், சுவருக்கும் தொட்டிக்கும் நடுவே இருந்த இடுக்கில் போட்டுவிட்டான். கோப்பை எங்கே என்று அம்மா இரண்டு நாள் தேடினாள். மூன்றாம் நாள் புதிதாக ஒன்று வாங்கிவந்தாள்.

சுப்கானின் முதுகில் ஒரே ஒரு அடி என்று தனக்குச் சொல்லிக்கொண்டான். எல்லோர் முன்னாலும் அவன் ஒருமுறை கத்தினால் போதும்.

மறுநாள் சுபுஹு தொழுகையின்போது குண்டு சட்டைப் பையில் இருந்தது. அவன் சஜ்தாவுக்குக் குனிந்ததும் பை தொங்கி, குண்டு தரை ஓட்டில் 'டக்' என்று இடித்தது. பக்கத்தில் இருந்தவர் கைபேசி என்று நினைத்திருப்பார். அடுத்த சஜ்தாவில் பையைக் கையால் பிடித்துக்கொண்டான். தொழுகை முடிந்ததும் கைகால் கழுவும் ஒளுத் தொட்டிக்குப் பின்னால் போய்க் குண்டை வைத்து முடிச்சைப் போட்டான்.

சாலையில் இரண்டு பக்கமும் கத்திக்கொண்டே ஓடிவந்தார்கள். துணிகள் 'சப் சப்' என்று விழுந்தன. சுப்கான் இவனைத் தேடிக்கொண்டுதான் வந்தான். கைலியைத் தோளில் போட்டிருந்தான். முறுக்கக்கூட இல்லை.

"டேய் நசிர், இங்க வா. இன்னிக்கு நான் அடிக்கப்போறதில்ல. நாலஞ்சு நாளா நீ என்கிட்ட சரியாப் பேசல. இந்தா முதுகு. ஆசை தீர அடி, அதோட முடிச்சுக்குவோம்."

சொல்லிவிட்டு நிஜமாகவே திரும்பி நின்றான். கைகளை முழங்காலில் ஊன்றிக் குனிந்தான். பையன்கள் சுற்றி நின்று, "போடு, போடு," என்றார்கள்.

நசிரின் வீசினான். கைலி காற்றில் இருக்கும்போதே சுப்கான் ஏதோ சொல்வதற்காகத் தலையைத் திருப்பினான். என்ன சொல்ல வந்தான் என்று இன்றுவரை நசிரினுக்குத் தெரியாது. சிரித்த முகமாக இருந்தான்.

துணி விழும் சத்தமாக அது இல்லை.

சுப்கான் இடது கண்ணைப் பொத்திக்கொண்டு மண்ணில் உட்கார்ந்தான். எல்லோரும் அவனைச் சூழ்ந்தார்கள். நசிரின் சூழவில்லை. இரண்டு அடி பின்னால் போனான். விரல்கள் முடிச்சைத் தாமாகவே அவிழ்த்தன. குண்டு சாலையோர உப்பளக் கால்வாயில் விழுந்தது. அது முழுகிய பிறகுதான் நண்பனின் முகத்தைப் பார்க்க ஓடினான். எதை முதலில் செய்தோம் என்பது அவனுக்கு மட்டும் தெரியும்.

"நான்தான். என் கைலிதான் பட்டுடுச்சு," என்று எல்லோரிடமும் சொன்னான். அழுதான். அந்த அழுகை பொய்யில்லை. அவன் ஒப்புக்கொண்டதால் யாரும் அவனைத் திட்டவில்லை. கைலியைத் தொட்டுப் பார்த்தார்கள், ஈரம் இல்லை. ஆட்டத்தில் நடந்தது, வேண்டுமென்று செய்யவில்லை என்று ஊர்த்தலைவர் சொன்னார். இனிமேல் யாரும் கைலியை முறுக்கக் கூடாது என்று பள்ளிவாசல் ஒலிபெருக்கியில் அறிவித்தார். சுப்கானின் அம்மா ருமினா இவன் தலையைத் தடவி, "நீ அழாதடா. அவனுக்கு ஒண்ணும் ஆகாது," என்றாள்.

ஆனது. கண்ணுக்குள் இரத்தம் கட்டியிருந்தது. விழித்திரை கிழிந்திருந்தது. பாதிப் பார்வைக்கு மேல் திரும்பாது என்று நகரத்து டாக்டர் சொல்லிவிட்டார். கப்பல் பள்ளியில் சேர வேண்டிய நாள் பெருநாளுக்குப் பிறகு இரண்டாவது திங்கட்கிழமை. அன்று கண்ணை மறுபடி சோதிப்பார்கள் என்று கடிதத்திலேயே இருந்தது. அதைப் பற்றி அந்த வீட்டில் யாரும் பேசவில்லை. கடிதம் மட்டும் அலமாரிக் கண்ணாடிக்குப் பின்னால் அப்படியே செருகியிருந்தது.

நசிரின் தினமும் போனான். போகாமல் இருந்தால் சந்தேகம் வரும் என்பதற்காகவும் போனான், போகாமல் இருக்க முடியாததாலும் போனான். எது எவ்வளவு என்று அவனால் பிரிக்க முடியவில்லை.

ஒருநாள் ருமினா மீன் கழுவிக்கொண்டே சொன்னாள். "டாக்டர் என்கிட்ட என்ன கேட்டாரு தெரியுமா? வெறும் துணி இவ்வளவு ஆழமா அடிக்காதே, இரும்பு கிரும்பு ஏதாவதா பாருங்கன்னாரு. நான் சண்டைக்கே போயிட்டேன். ஐயா, அவன் என் புள்ளையோட ஒண்ணா வளந்தவன், கைலியைத் தவிர அவன் கையில ஒண்ணும் இருந்திருக்காதுன்னு."

"ஆமா லிக்," என்றான் நசிரின். சித்தி முறைக்கு அந்த ஊரில் அப்படித்தான் கூப்பிடுவார்கள்.

இன்னொரு நாள் அவள் சந்தைக்குக் கிளம்பும் அவசரத்தில் இரண்டு சொட்டு மருந்துச் சீசாக்களை அவன் கையில் வைத்தாள். "சிவப்பு மூடியை இப்ப ஊத்து. பச்சை மூடி சாயங்காலத்துக்கு. மாத்திடாதடா, மாத்தி ஊத்துனா கண்ணு கெட்டுடும்னு டாக்டர் பயமுறுத்தியிருக்காரு." அவள் போய்விட்டாள். நசிரின் இரண்டையும் பார்த்தான். இரண்டு மூடியும் ஒரே நிறமாகத் தெரிந்தன.

படுத்திருந்த சுப்கான் கட்டுப்போட்ட கண்ணோடு இந்தப் பக்கம் திரும்பவே இல்லை. "உசரமா இருக்கிற சீசாடா," என்றான். அவ்வளவுதான். கிண்டல் இல்லை, சிரிப்பும் இல்லை. அப்பா கயிற்றைக் காட்டிய அதே குரல்.

நசிரின் சொட்டை விட்டான். பாதி மருந்து கன்னத்தில் வழிந்தது. அன்றே சொல்லியிருக்கலாம். சொல்லவில்லை.

பெருநாள் வந்தது. தொழுகை முடிந்ததும் ஊரே வரிசையில் நின்று ஒருவர் கையை ஒருவர் பற்றும். வெளியே செய்ததையும் உள்ளே நினைத்ததையும் மன்னித்துவிடு என்று ஒவ்வொருவரும் ஒவ்வொருவரிடமும் கேட்பார்கள். யாரும் எதற்கு என்று கேட்க மாட்டார்கள். மன்னித்தேன், நீயும் மன்னி என்பார்கள். வரிசை நகரும். ஒரு மணி நேரத்தில் நசிரினை முந்நூறு பேர் மன்னித்திருந்தார்கள். ஜைனுல் கட்டிப்பிடித்து, "மிளகாய் விஷயத்தையும் சேத்து மன்னிச்சிருடா," என்றான். எவ்வளவு சுலபமாக இருந்தது. இதே வரிசையோடு சுப்கான் வீட்டுக்குப் போய், இதே சொற்களைச் சொல்லி, கையைப் பற்றிவிட்டு வந்துவிடலாம். அதோடு முடிந்துவிடும். யாருக்கும் எப்போதும் தெரியாது.

அப்படி எண்ணிக்கொண்டுதான் போனான்.

சுப்கான் முன்னறையில் பாய்மேல் உட்கார்ந்திருந்தான். புதுச் சட்டை போட்டிருந்தான், இடது கண்ணில் வெள்ளைக் கட்டு. எதிரே பிஸ்கட் டின்களில் அரிசி அப்பளம். ருமினா அடுப்படியில் தேங்காய்ப்பால் கறியைச் சூடாக்கிக்கொண்டிருந்தாள்.

நசிரின் எதிரில் மண்டியிட்டு உட்கார்ந்து கைகளை நீட்டினான். வாயைத் திறப்பதற்குள் சுப்கான் அந்தக் கைகளைப் பற்றிக்கொண்டான்.

"நான் முதல்ல சொல்லிடுறேன்டா. வெளியிலயும் உள்ளயும் மன்னிச்சிரு. சும்மா வாய்க்குச் சொல்லல. பஸ்ல உனக்கு வாக்கு குடுத்துட்டு எல்லார் முன்னாடியும் உன்னைப் போட்டுக் குடுத்தேன். அப்புறம் நானும் சேந்து சிரிச்சேன். படுத்துக்கெடக்கிறப்ப அதையேதான் நெனச்சேன். கண்ணு போனது அதுக்குத்தான்னு தோணுது."

நசிரின் கைகளை இழுத்துக்கொண்டான்.

"அதுக்குள்ள குண்டு இருந்துச்சு," என்றான்.

"எதுக்குள்ள?"

"கைலி முடிச்சுக்குள்ள. அப்பாவோட வலைக் குண்டு. ஈயம்."

அடுப்படியில் கரண்டிச் சத்தம் கேட்டது.

"கண்ணுல அடிக்கணும்னு நெனைக்கல. முதுகுலதான்," என்று தொடங்கிய நசிரின் நிறுத்தினான். முதுகு என்ற சொல் அவனுக்கே கேட்கச் சகிக்கவில்லை. மீதியையும் சொல்லிவிட்டான். "முந்தின நாளே அடிச்சுப் பாத்தேன். குளிக்கிற எடத்துல, கோப்பையில."

"என்ன ஆச்சு கோப்பைக்கு?"

"விரிசல் விட்டுருச்சு."

"அதைப் பாத்தியா?"

"பாத்தேன்."

"பாத்துட்டும் வந்தே."

"ஆமா."

சுப்கான் நல்ல கண்ணால் அவனையே பார்த்தான். அந்தக் கண்ணில் கோபம் இருந்திருந்தால் நசிரினுக்கு எளிதாக இருந்திருக்கும். தெரியாத ஊரில் இறங்கிவிட்டவன் பெயர்ப்பலகையைத் தேடுவதுபோல் பார்த்தான்.

ருமினா தட்டோடு வந்தாள். ஓலைக் கூட்டில் வெந்த சோற்றுக் கட்டியை வெட்டிப் போட்டு, மேலே கறி ஊற்றியிருந்தாள். "என்னடா, பெருநாளும் அதுவுமா ரெண்டு பேரும் எழவு வீட்டுல மாதிரி உக்காந்திருக்கீங்க? சாப்பிடு நசிர்."

"தட்டை வெச்சுட்டுப் போ மாக்," என்றான் சுப்கான் அம்மாவிடம். பிறகு நசிரினிடம் தாழ்ந்த குரலில், "சாப்பிட்டுட்டுப் போயிடு. நான் மெதுவாச் சொல்லிக்கிறேன்," என்றான்.

மறுபடியும் உயரமான சீசா. நசிரின் தட்டை வாங்கவில்லை.

"லிக், உக்காருங்க."

சொன்னான். குண்டு, டப்பா, கோப்பை, கால்வாய் எல்லாவற்றையும் சொன்னான். கால்வாயைச் சொல்வதுதான் கடினமாக இருந்தது. ருமினா உட்காரவில்லை. தட்டைப் பிடித்தபடி நின்று கேட்டாள். கறியில் ஆடை படிந்தது.

"டாக்டர் கேட்டாரு," என்றாள் கடைசியில். "இல்லைன்னு நான் அடிச்சுச் சொன்னேன்."

வாசலில் ஸலாம் சொல்லிக்கொண்டு ஒரு கூட்டம் வந்தது. வடக்குச் சந்துப் பெண்களும் புதுத்துணி போட்ட பிள்ளைகளும். ருமினா தட்டைக் கீழே வைத்தாள். கையைத் துடைத்துக்கொண்டு வாசலுக்குப் போனாள். ஒவ்வொருவர் கையாகப் பற்றினாள். வெளியிலும் உள்ளேயும் என்ற சொல் திரும்பத் திரும்பக் கேட்டது. அவள் குரல் மாறவே இல்லை.

"நீ கெளம்பு," என்றான் சுப்கான். "பெருநாளைக்கு வந்தவனை நான் வெளிய அனுப்பக் கூடாது. நீயா போ."

நசிரின் எழுந்தான். வெளியே போக ருமினாவைத் தாண்டித்தான் போக வேண்டும். வரிசையில் ஓர் இடைவெளி விழுந்தது. பழக்கத்தில் அவன் இரண்டு கைகளும் கூப்பியபடி நீண்டன. அவள் அந்தக் கைகளைப் பார்த்தாள். அவனுக்குப் பின்னால் நின்ற சிறுமியின் கையைப் பற்றினாள்.

அவன் படியிறங்கும்போது கூப்பிட்டாள்.

"அந்தக் கோப்பை இன்னும் இருக்கா?"

"தொட்டிக்குப் பின்னால கெடக்கு."

"எடுத்துட்டு வா. நான் பாக்கணும்."

வீட்டில் அப்பாவும் அம்மாவும் விருந்தாளிகளோடு இருந்தார்கள். நசிரின் குளியலறைக்குள் போய்ச் சுவரோரம் தோளைத் திணித்து, இடுக்கில் கையை விட்டான். கோப்பையில் சிலந்தி வலை பின்னியிருந்தது. அதைக் கழுவவில்லை. முன்னறை வழியாகவே எடுத்துக்கொண்டு வெளியே போனான். அம்மா கோப்பையைப் பார்த்துப் பேச்சை நிறுத்தினாள். அப்பாவின் கண் விரிசல்மேல் போய், மூலையில் இருந்த தகர டப்பாவுக்கு வந்து, பிறகு அவனிடம் வந்தது.

"வந்து சொல்றேன் பாக்," என்றான் அப்பாவிடம்.

சந்து முழுக்க ஆட்கள். எல்லோர் கையிலும் பலகாரத் தட்டு. இவன் கையில் உடைந்த கோப்பை. ஜைனுல் அவன் வீட்டுத் திண்ணைச் சுவரில் சாய்ந்து நின்றான்.

"எங்கடா, பெருநாளன்னிக்குக் கோப்பையைத் தூக்கிட்டு?" என்றான். காலையில் கேட்ட மன்னிப்பு அதற்குள் மறந்திருந்தது. "அது என்ன கலர், சொல்லு பாப்போம்."

நசிரின் நின்றான். கோப்பையைத் தூக்கிப் பார்த்தான். சேற்றுக்கும் இலைக்கும் நடுவில் ஏதோ ஒன்று. விரிசல் மட்டும் தெளிவாகத் தெரிந்தது.

"தெரியலடா," என்று சொல்லிவிட்டுத் தெற்குச் சந்துப் பக்கம் நடந்தான்.